கார்டன்ஸ் ஆஃப் த மூன்: வாசகர் எதிர்வினைகள்

கார்டன்ஸ் ஆஃப் த மூன் (நிலவின் தோட்டங்கள்) என்பது கனடிய எழுத்தாளர் ஸ்டீவன் எரிக்சன் எழுதிய ஆங்கிலக் கனவுருப்புனைவுப் புதினம் ஆகும். இது 1999ஆம் ஆண்டு ஐக்கிய இராச்சியத்தில் பேன்டம் பதிப்பகத்தாலும், 2004ஆம் ஆண்டு ஐக்கிய அமெரிக்காவில் டோர் பதிப்பகத்தாலும் வெளியிடப்பட்டது. பத்துப் பாகங்கள் கொண்ட மலாசன் புக் ஆஃப் த ஃபாலன் தொடரின் முதற்பாகம் இதுவே. இத்தொடர் 2011ஆம் ஆண்டு வெளிவந்த த கிரிப்பில்டு காட் என்னும் பாகத்துடன் நிறைவுற்றது.

இந்நூலின் வாசகர்கள் தொடக்கம் முதலே இரு அணிகளாகப் பிரிந்துள்ளனர். நூறு, இருநூறு பக்கங்களில் நூலை மூடி வைத்தவர்கள் ஓர் அணி. பத்துப் பாகங்களையும் முடித்துவிட்டு மீண்டும் முதற்பாகத்தைக் கையில் எடுத்தவர்கள் மற்றோர் அணி. இரு அணியினரும் நூலின் ஒரே இயல்பையே காரணமாகக் கூறுவது கவனிக்கத்தக்கது. அவ்வியல்பு, கதையாசிரியர் எதையும் விளக்க மறுப்பதாகும்.

(எச்சரிக்கை: கதையின் சில திருப்பங்கள் கீழே வெளிப்படுத்தப்பட்டுள்ளன.)

நூல் உருவான பின்னணி

ஸ்டீவன் எரிக்சன் என்பது புனைபெயர். இயற்பெயர் ஸ்டீவ் ரூன் லண்டின். 1959ஆம் ஆண்டு டொரோண்டோவில் பிறந்த இவர் தொல்லியலும் மானிடவியலும் பயின்றவர். நண்பர் இயன் கேமரன் எஸ்ல்மொன்ட்டுடன் சேர்ந்து 1982ஆம் ஆண்டில் மலாசன் உலகை இவர் உருவாக்கினார். அப்போது அது நூலுக்கான களம் அன்று. பகடை உருட்டி, ஆளுக்கொரு பாத்திரமேற்று ஆடும் விளையாட்டுக்கான களம். பின்னர் அதிலிருந்து ஒரு திரைக்கதை எழுதப்பட்டது. அதை எடுத்துக்கொள்வார் எவருமில்லாமற் போகவே, எரிக்சன் அதனைப் புதினமாக மாற்றினார். 1991-92 காலப்பகுதியில் எழுதப்பட்ட அப்புதினம் அச்சேற ஏழாண்டுகளுக்கு மேல் ஆயிற்று.

இப்பின்னணி நூலின் கடினத்தைப் பெருமளவு விளக்குகிறது. ஆண்டுக்கணக்கில் ஆடிய இருவருக்கும் அவ்வுலகின் பேரரசுகள், தெய்வங்கள், படைப்பிரிவுகள் யாவும் அத்துப்படி. அவர்கள் ஒருவருக்கொருவர் அறிமுகம் செய்துகொள்ளத் தேவை இருக்கவில்லை. அந்நெருக்கம் அப்படியே நூலுக்குள்ளும் வந்துவிட்டது. ஆவணம் ஏதுமின்றி ஒப்படைக்கப்பட்ட பெரிய நிரல் ஒன்றைப் படிக்கத் தொடங்கும் பொறியாளரின் நிலைதான் புதிய வாசகருக்கும். நிரல் ஓடுகிறது, ஏன் ஓடுகிறது என்பதை அவரேதான் கண்டறிய வேண்டும்.

வாசகர் எங்கே தடுமாறுகின்றனர்

காவியக் கனவுருப்புனைவில் வாசகருக்கு வழிகாட்டுவதற்கென நிலைபெற்ற ஓர் உத்தி உண்டு. உலகை அறியாத ஒருவரை நாயகராக்கி, அறிந்த ஒருவரை அவர் அருகில் நிறுத்துவது அது. டோல்கீனின் த ஃபெலோஷிப் ஆஃப் த ரிங் (1954) நூலில் ஷயர் என்னும் நாட்டுப்பகுதியை விட்டு அதிகம் வெளியே வராத ஃபிரோடோவுக்கு கண்டால்ஃப் மோதிரத்தின் வரலாற்றை எடுத்துச் சொல்லும்போது, வாசகரும் உடனிருந்து கேட்கிறார். ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டினின் எ கேம் ஆஃப் த்ரோன்ஸ் (1996) இருண்ட நூல்தான். எனினும் அதுவும் முன்னுரைக் காட்சிக்குப் பின் ஒரே குடும்பத்தில் தொடங்கி, ஒவ்வோர் இயலுக்கும் அதன் பார்வைக்குரியவரின் பெயரையே தலைப்பாகத் தருகிறது.

எரிக்சன் இவ்வுதவிகளை அளிப்பதில்லை. முன்னுரைக் காட்சியில், எரியும் நகர்ப்பகுதி ஒன்றைக் கோட்டை மதிலிலிருந்து பார்க்கும் கனோஸ் பாரான் என்னும் பன்னிரண்டு வயதுச் சிறுவன் வருகிறான். இவனே நாயகன் என்று வாசகர் எண்ணுவது இயல்பு. அடுத்த இயலில் ஆண்டுகள் உருண்டோடி அவன் படை அலுவலராகிவிடுகிறான்; அதே இயலில் வேறொரு மீனவப் பெண்ணின் உடலைத் தெய்வம் ஒன்று கைப்பற்றுகிறது. அதற்கடுத்த இயல் பேல் என்னும் நகரின் முற்றுகையில், பெரும்போர் முடிந்த கணத்தில் தொடங்குகிறது. டாட்டர்செயில் என்னும் மந்திரவாதி இறந்துபோன தோழர்களிடையே நிற்கிறாள். அவர்கள் யார், வானில் மிதக்கும் மலைக்கோட்டை யாருடையது, போர் எதற்காக என்பவை பின்னரே, அதுவும் அரைகுறையாகவே தெரியவருகின்றன. வாசகர் ஓரளவு கால் ஊன்றும் வேளையில் கதை எரிவாயு விளக்குகள் எரியும் டாருஜிஸ்தான் நகருக்குப் போய், புதிய மாந்தர் கூட்டம் ஒன்றை அறிமுகப்படுத்துகிறது. அவர்களுள் தன்னைப் படர்க்கையிலேயே குறிப்பிட்டுக்கொண்டு வளைத்து வளைத்துப் பேசும் குருப்பேயும் ஒருவர்.

சொற்களும் இவ்வாறே. மந்திர ஆற்றலின் வழிகள் நூலில் 'வாரன்' எனப்படுகின்றன. ஆங்கிலத்தில் இச்சொல் முயல்கள் தோண்டும் வளைகளைக் குறிப்பது. முதன்முறை படிப்பவர் இதனை எவ்வித விளக்கமுமின்றிச் சந்திக்கிறார். கதைமாந்தர் அதைப் பயன்படுத்தும் விதத்தைக் கொண்டே பொருளை ஊகிக்க வேண்டியுள்ளது. நூலின் முகப்பில் கதைமாந்தர் பட்டியலும் இறுதியில் அருஞ்சொல் பட்டியலும் தரப்பட்டுள்ளன. எனினும் அப்பட்டியலில் உள்ள விளக்கங்களும் சுருக்கமானவையே.

விலகியவர்களின் குறைகள்

விலகிய வாசகர்களைப் பொறுமையற்றவர்கள் என்று ஒதுக்கிவிடுவது தொடரின் இரசிகர்களிடம் காணப்படும் ஒரு வழக்கம். இது நியாயமன்று. அவர்கள் கூறும் குறைகள் மூன்று தரத்தவை.

முதலாவது, பெயர்களும் பார்வை மாற்றங்களும் மிகுதி என்பது. இது பெரும்பாலும் பழக்கத்தால் தீரக்கூடியது. இரண்டாவது, எவர் மீதும் பற்று ஏற்படுவதில்லை என்பது. இது சற்று ஆழமான குறை. ஒரு கதைமாந்தரைப் பற்றி அறியத் தொடங்கும்போதே காட்சி மாறிவிடுவதால், பாரான் போன்ற முதன்மை மாந்தர்கூட முதற்பாகத்தில் வெளிறியே தோன்றுகின்றனர்.

மூன்றாவது குறையே வலுவானது. விளக்கமின்மை சில இடங்களில் கதையின் நியாயத்தையே பாதிக்கிறது. புதினத்தின் இறுதியில், பன்னெடுங்காலம் புதையுண்டு கிடந்த கொடுங்கோலன் ரேஸ்ட்டின் ஆற்றலை அடக்க, தோட்டமொன்றின் மண்ணிலிருந்து ஒரு வீடு முளைத்தெழுகிறது. இத்தகைய வீடுகள் மலாசன் உலகில் பழமையானவை என்பதும், அவற்றின் இயல்பும் அடுத்த பாகங்களைப் படித்தவருக்குத் தெரியும். முதற்பாகத்தை மட்டும் கையில் வைத்திருப்பவருக்கோ, சிக்கலைத் தீர்க்க ஆசிரியர் வெறுங்கையிலிருந்து எடுத்துப்போட்ட தீர்வாகவே அது தோன்றும். பின்னால் வரும் நூல்கள் சரிசெய்துவிடும் என்பது இக்குறைக்கு முழுமையான விடை ஆகாது.

முதற்பாகத்துக்கும் பிந்தைய பாகங்களுக்குமிடையே காலக்கணக்கிலும் சில விவரங்களிலும் முரண்கள் உள்ளன என்பதும் உண்மையே. முதற்பாகத்தை எழுதி ஏறத்தாழ எட்டாண்டுகள் கழித்தே எரிக்சன் இரண்டாம் பாகத்தை எழுதினார். நடையிலும் இவ்விடைவெளி தெரிகிறது. இரண்டாம் பாகத்தின் உரைநடை வெகுவாகத் தேர்ந்தது என்பதை இரு அணியினரும் ஏற்கின்றனர்.

மறுவாசிப்பு

தங்கிவிட்ட வாசகர்களின் எதிர்வினையில் மறுவாசிப்புக்கு முதலிடம் உண்டு. நிழலின் தெய்வங்கள் இருவரும் உண்மையில் யார் என்பதற்கான குறிப்புகள் தொடக்க இயல்களிலேயே சிதறிக் கிடக்கின்றன. அவர்கள் கொலையுண்டதாகக் கருதப்படும் பேரரசர் கெலன்வெட்டும் அவர் துணைவர் டான்சரும் என்பது தெரிந்தபின் முதல் இயலைப் படிப்பவருக்கு, முன்பு புதிராக இருந்த உரையாடல் பழிவாங்கும் திட்டமாகப் புலப்படும். இதைப் போலவே, புதினத்தின் முடிவில் தளபதி டூஜெக்கின் படை பேரரசால் விலக்கிவைக்கப்படுகிறது. அது ஒரு நாடகமே என்பது மூன்றாம் பாகமான மெமரீஸ் ஆஃப் ஐஸ் (2001) நூலில்தான் வெளிப்படுகிறது. நூலின் தலைப்புக்கான பொருளும் பிற்பகுதியில், நிலவின் கடல்களுக்கடியில் தோட்டங்கள் இருப்பதாகச் சொல்லப்படும் ஒரு சிறு கதையில்தான் கிடைக்கிறது.

எரிக்சனின் தொல்லியல் பயிற்சியுடன் இம்முறையை ஒப்பிடுவது பொருத்தமாக இருக்கும். அகழ்வாய்வில் மேலடுக்கே முதலில் கிடைக்கும். கிடைத்த ஓடு எதன் பகுதி என்பது ஆழம் செல்லச் செல்லத்தான் விளங்கும். ட்லான் இமாஸ் என்னும் இறவா இனத்தாரின் வரலாறு இக்கதையில் மூன்று இலட்சம் ஆண்டுகள் பின்னோக்கிச் செல்கிறது என்பதை நினைவிற்கொள்ள வேண்டும். அத்தனை நெடிய காலத்தை எந்த மாந்தரும் முழுமையாக அறிந்திருக்க முடியாது. தவறாக அறிந்தவர்களும் நூலில் பலர். வாசகர் ஒருவரின் கூற்றை நம்பி ஏமாறுவதும் இவ்வாசிப்பின் பகுதியே.

எரிக்சன் 2007ஆம் ஆண்டு இப்புதினத்தின் மறுபதிப்புக்கு எழுதிய முன்னுரையில் இப்பிளவைப் பற்றி வெளிப்படையாகப் பேசுகிறார். தமது நூல்களை வாசகர் விரும்புகின்றனர் அல்லது வெறுக்கின்றனர், இடைப்பட்டவர் அரிது என்பதை அவர் ஒப்புக்கொள்கிறார். சோம்பலாக மிதந்து செல்வதற்கு இந்நூல்கள் இடந்தருவதில்லை என்பதும் அவர் கருத்து. தொடக்கத்தை எளிமையாக்கி எழுதியிருக்கலாம் என்ற யோசனையை அவர் ஏற்கவில்லை.

இருண்மை குறித்த எதிர்வினைகள்

அடர்த்தி வாசகரைத் தொடக்கத்தில் சோதிக்கிறது என்றால், இருண்மை இரண்டாம் பாகத்திலிருந்து சோதிக்கிறது. டெட்ஹவுஸ் கேட்ஸ் (2000) நூலில் தளபதி கோல்டெய்ன், கிளர்ச்சி வெடித்த நிலப்பரப்பினூடே பல்லாயிரக்கணக்கான அகதிகளை ஹிஸ்ஸார் நகரிலிருந்து அரேன் நகர் வரை பாதுகாத்து அழைத்துச் செல்கிறார். நீரின்றியும் உணவின்றியும் இடைவிடாத தாக்குதல்களுக்கிடையே நிகழும் இந்நெடும்பயணத்தை டூய்க்கர் என்னும் வரலாற்றாசிரியரின் கண்வழியே காண்கிறோம். அகதிகள் அரேன் வாயிலை அடைகின்றனர். கோல்டெய்னும் எஞ்சிய படைவீரர்களும் மதிலின் பார்வைத் தொலைவிலேயே மாள்கின்றனர். உள்ளே பெரும்படை இருந்தும் அதற்கு வெளியேற அனுமதி கிடைப்பதில்லை. தொடரை வெறுத்தவர்கள்கூட மறக்கவியலாத பகுதி என்று குறிப்பிடுவது இதனையே.

அதே நூலில் வரும் ஃபெலிசின், பாரானின் தங்கை. சொந்தத் தமக்கையின் முடிவால் சுரங்கச் சிறைக்கு அனுப்பப்படும் அவள், சுரண்டலுக்கு ஆளாகிக் கசப்பின் உருவமாகிறாள். வாசகர் பலர் அவளை எரிச்சலூட்டும் பாத்திரம் என்றே முதலில் மதிப்பிட்டனர். துன்பம் ஒருவரை மேன்மையாக்கும் என்ற கதைமரபை அவள் பொய்யாக்குவதே இதற்குக் காரணம் எனலாம். மறுவாசிப்பில் இம்மதிப்பீடு பரிவாக மாறியதாகக் கூறுவோரும் உளர்.

இருண்மை எல்லை மீறியது என்ற குற்றச்சாட்டு ஒன்பதாம் பாகமான டஸ்ட் ஆஃப் ட்ரீம்ஸ் (2009) நூலின்போது உச்சமடைந்தது. ஹெட்டான் என்னும் பெண்ணுக்கு அவள் இனத்தாரே இழைக்கும் கொடுமையைச் சித்தரிக்கும் காட்சி, தொடரை எட்டுப் பாகங்கள் தொடர்ந்து வந்தவர்களையும் பிரித்தது. கொடுமையை மறைக்காமல் காட்டுவதே நேர்மை என்றனர் ஒரு சாரார். அதே உண்மையை அத்தனை விவரமின்றியும் உணர்த்தியிருக்கலாம் என்றனர் மறுசாரார். இரண்டாவது கருத்தை எளிதில் மறுத்துவிட முடியாது. எட்டுப் பாகங்களில் வாசகரின் ஊகத்தை நம்பிய எழுத்தாளர், இங்கு மட்டும் அதை நம்பவில்லை.

இத்தகைய பிளவு இவ்வகை இலக்கியத்துக்குப் புதிதன்று. ஸ்டீபன் டொனால்ட்சனின் லார்ட் ஃபௌல்ஸ் பேன் (1977) நூலின் தொடக்கத்திலேயே நாயகன் ஒரு பெண்ணை வன்புணர்வு செய்வதால், அவ்விடத்திலேயே நூலை மூடியவர் பலர். எரிக்சன் டொனால்ட்சனின் தாக்கத்தை வெளிப்படையாகக் கூறியவர்; டொனால்ட்சனும் கார்டன்ஸ் ஆஃப் த மூன் நூலைப் பாராட்டியுள்ளார்.

எங்கிருந்து தொடங்குவது

இரண்டாம் பாகத்திலிருந்தே படிக்கத் தொடங்கலாம் என்று பரிந்துரைப்போர் உண்டு. அது பெரும்பாலும் வேறொரு கண்டத்தில் நிகழ்வதும், நன்கு எழுதப்பட்டிருப்பதும் இதற்குக் காரணங்கள். ஆயினும் ஃபிட்லர், கலாம், குரோக்கஸ் போன்றோர் முதற்பாகத்திலிருந்து வருபவர்கள்; மூன்றாம் பாகமும் முதற்பாகத்தின் முடிவிலிருந்தே தொடர்கிறது. எனவே வரிசைப்படி படிப்பதே சிறந்தது. முதல் முறை ஒவ்வொரு பெயருக்கும் அருஞ்சொல் பட்டியலைப் புரட்டுவதைவிட, விளங்காதவற்றை அப்படியே விட்டுவிட்டு மேலே செல்வது வாசிப்பை எளிதாக்கும்.

விருதும் பிற்கால நூல்களும்

கார்டன்ஸ் ஆஃப் த மூன் 2000ஆம் ஆண்டின் உலகக் கனவுருப்புனைவு விருதுக்கான இறுதிப்பட்டியலில் இடம்பெற்றது. விருதைப் பெற்றது மார்ட்டின் ஸ்காட்டின் த்ராக்சஸ் என்னும் சிறிய நகைச்சுவைப் புதினம். இதைவிட மாறுபட்ட இரு நூல்கள் ஒரே பட்டியலில் இடம்பெறுவது அரிது.

முதன்மைத் தொடருக்குப் பின் எரிக்சன், அவ்வுலகின் தொன்மைக் காலத்தைக் கூறும் முத்தொகுதி ஒன்றை ஃபோர்ஜ் ஆஃப் டார்க்னஸ் (2012) நூலுடன் தொடங்கினார். அதன் நடை மேலும் செறிவானது, மேலும் மெதுவானது. இரண்டாம் நூலான ஃபால் ஆஃப் லைட் (2016) எதிர்பார்த்த அளவு விற்கவில்லை. இதையடுத்து 2017ஆம் ஆண்டு, மூன்றாம் நூலைத் தள்ளிவைத்துவிட்டு வேறொரு முத்தொகுதியை முதலில் எழுதப்போவதாக எரிக்சன் அறிவித்தார். அதன் முதல் நூலான த காட் இஸ் நாட் வில்லிங் 2021ஆம் ஆண்டு வெளியானது. அது முந்தையவற்றைவிடச் சிறியது, கதையோட்டமும் நேரானது.