ஏரி போனது, தரையும் இறங்கியது

இங்கிலாந்தில் ஹோம் என்ற கிராமத்தை ஒட்டி விட்டில்சி மியர் என்றொரு பெரிய ஏரி இருந்தது. மீன், நாணல், நீர்ப்பறவை என்று சுற்றுவட்டாரத்துக்கே சோறு போட்ட ஏரி. விளைநிலம் வேண்டும் என்று 1851-இல் நீராவிப் பம்பு வைத்து அதை வடித்துவிட்டார்கள்.

ஆனால் அங்கிருந்தது செடிகொடிகள் மக்கிச் சேர்ந்த மண். ஈரம் போனதும் சுருங்கியது. காற்றுப் பட்டுக் கரைந்தது. அப்போது தலை மட்டும் தெரியும்படி, தரைமட்டத்துக்குப் புதைத்த இரும்புத் தூண் இன்று சுமார் 4 மீட்டர் உயரத்துக்கு வெளியே நிற்கிறது. பிரிட்டனிலேயே மிகத் தாழ்ந்த நிலப்பகுதிகளில் ஒன்று அந்த இடம். எஞ்சிய மண்ணையாவது காப்பாற்ற, 'கிரேட் ஃபென்' திட்டத்தில் இப்போது அங்கே மறுபடியும் ஈரநிலம் உருவாக்குகிறார்கள்.