வீட்டுக்குள் போகும் கேமரா

மலையாளப் படங்களைப் பாராட்டுகிறவர்கள் முதலில் சொல்வது மண்வாசனையை: காயல், மழை, இடுக்கி மலைச்சரிவு, சாயாக்கடைப் பேச்சு. அது உண்மைதான். ஆனாலும் கேரளச் சமூகம் அந்தப் படங்களில் சரியாகச் சிக்கியது வீட்டுக்குள் என்றே நினைக்கிறேன். யார் உட்கார்ந்திருக்கிறார், யார் ஓடியாடி வேலை செய்கிறார் என்ற கணக்கு அங்கேதான் தெரிகிறது. அடூர் கோபாலகிருஷ்ணனின் 'எலிப்பத்தாயம்' (1981) ஒரு நாயர் தறவாட்டின், அதாவது பூர்விகக் கூட்டுக்குடும்ப வீட்டின், கதை. நிலச் சீர்திருத்தம் 1970இல் நடைமுறைக்கு வந்தது; 1975இன் சட்டம் கூட்டுக்குடும்ப முறையையே ஒழித்தது. தறவாட்டின் செல்வாக்கு கரைந்துவிட்ட காலத்திலும் அதன் தலைவன் உண்ணி எல்லாவற்றுக்கும் தங்கை ராஜம்மாவையே எதிர்பார்க்கிறான். வெளியே சட்டம் மாற்றியதை வீடு ஏற்கவில்லை. 1993இல் வந்த 'தேவாசுரம்' அதே தறவாட்டு ஆண்மகனை மீசை முறுக்க வைத்துக் கொண்டாடியது. அந்த ஏக்கமும் அந்தச் சமூகத்தில் இருந்ததுதான். ஜியோ பேபியின் 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' (2021) படத்தில் மாமனார் குக்கர் சோறு வேண்டாம், விறகடுப்பில் வடித்த சோறுதான் வேண்டும் என்கிறார். நாற்பது ஆண்டுகளில் கேமராதான் இடம் மாறியிருக்கிறது: அன்று உட்கார்ந்திருந்தவனைப் பார்த்தது, இன்று ஒழுகும் சமையலறைத் தொட்டியடியில் நிற்கும் மருமகள் பக்கத்திலேயே நிற்கிறது.

நாயர் வீடும் நடுத்தர வர்க்க வீடும்தான் கேரளமா என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. முதல் மலையாளப் படமான 'விகதகுமாரன்' நாயர் பெண்ணாக நடிக்க வைத்த தலித் நடிகை பி.கே.ரோசி, அந்த ஒரே காரணத்துக்காகத் தாக்கப்பட்டு ஊரைவிட்டே போக நேர்ந்தது. எந்த வீடு திரையில் வரலாம், அதில் யார் நடிக்கலாம் என்பதை அன்றே சாதி முடிவு செய்துவிட்டது. எர்ணாகுளம் நகரம் வளர வளர நிலத்தை இழந்த தலித் மக்களை ராஜீவ் ரவியின் 'கம்மட்டிப்பாடம்' (2016) மையத்தில் நிறுத்தியது. அப்படிப்பட்ட படங்கள் இன்னும் குறைவு என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். வீட்டு ஒழுங்கைக் கண்டிக்கும் இந்தத் துறை தன் பெண்களை எப்படி நடத்தியது என்பது இன்னும் கடுமையான கேள்வி. அதை விசாரிக்க 2017இல் அமைக்கப்பட்ட ஹேமா கமிட்டியின் அறிக்கை 2019இல் அரசிடம் போய், 2024 ஆகஸ்டில்தான் வெளியே வந்தது. பாலியல் சுரண்டலோடு, படப்பிடிப்புத் தளங்களில் பெண்களுக்குக் கழிப்பறைகூட இல்லாததையும் அது பதிவுசெய்தது. இதனால் அந்தப் படங்கள் பொய்யாகிவிடவில்லை. அவை காட்டிய அதே ஏற்பாடு படப்பிடிப்புத் தளம்வரை நீள்கிறது என்றுதான் ஆகிறது. அந்த விசாரணையைக் கேட்டு வாங்கியவர்களும் அதே துறையில் வேலை செய்யும் பெண்களே.