எதிராஜ்: எதிரி இல்லாத பெயர்

ஒரகடம் போகும் ஷிப்ட் பஸ்களும் கார் ஏற்றிய டிரெய்லர்களும் நெருக்கியடிக்கும் ஸ்ரீபெரும்புதூரில்தான் 1017இல் ராமாநுஜர் பிறந்தார். தாய்மாமன் திருமலை நம்பி வைத்த பெயர் இளையாழ்வார். ராமனின் தம்பி லட்சுமணனை நினைத்து வைத்தது. ஆனால் தமிழ் வீடுகளில் சுருக்கமாகப் புழங்குவது அவருடைய இன்னொரு பெயர்: எதிராஜ்.

‘எதிர்த்து நிற்கும் ராஜாவா?’ என்று கேட்பவர்கள் உண்டு. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் இல்லை. யதி என்றால் துறவி. யதிராஜர், துறவிகளின் அரசர். துறவு பூண்டபோது காஞ்சி வரதராஜரே சூட்டிய பட்டம் என்கிறது வைணவ மரபு. யமன் எமனானது போல, யந்திரம் எந்திரமானது போல, யதிராஜர் எதிராசர் ஆனார். பின்னாளில் வந்த வைணவ ஆசாரியர் மணவாள மாமுனிகள் அவர்மீது பாடிய வடமொழித் துதிக்குப் பெயரே யதிராஜ விம்சதி.

தெலுங்கு வீடுகளில் இந்தப் பெயர் எதிராஜுலு.

துறவியின் பட்டம் குடும்பஸ்தர்களுக்குப் பெயரானதுதான் வேடிக்கை. பாரிஸ்டர் வி.எல். எதிராஜ் 1948இல் சென்னையில் பெண்களுக்காகக் கல்லூரி தொடங்கினார். இன்று ‘எதிராஜ்’ என்றதும் சென்னைக்காரர்களுக்கு நினைவுக்கு வருவது, ஆண் பெயர் தாங்கிய அந்தப் பெண்கள் கல்லூரிதான்.