வலையோடு பறந்த குருவிகள்: 7 நிமிட கார்ட்டூனில் அப்படி என்ன இருக்கு?

விருத்தாசலம்,

வேடன் வலையில் சிக்கிய புறாக்கள் கதையை பாட்டி வாயால் கேட்காத பிள்ளைகள் குறைவு. அந்த பஞ்சதந்திர கதையை 1974-ம் ஆண்டிலேயே கார்ட்டூன் படமாக எடுத்து விட்டார்கள். பெயர் 'ஏக் அனேக் அவுர் ஏக்தா'. ஒன்று, பல, ஒற்றுமை என்று அர்த்தம். ஓடும் நேரம் சுமார் 7 நிமிடம். தூர்தர்ஷனில் திரும்ப திரும்ப ஒளிபரப்பான இந்த படத்தை இப்போது செல்போனில், யூ டியூபிலேயே பார்க்கலாம்.

படம் இந்தியில் இருக்கிறதே, நம்ம ஊர் பிள்ளைகளுக்கு புரியுமா? புரியும். 'ஒன்றுன்னா என்ன, பலன்னா என்ன?' என்று பிள்ளைகள் கேட்க, அக்கா ஒருத்தி படம் காட்டி பாடுகிறாள். வண்ணத்துப்பூச்சி, அணில் என்று போய் குருவிக்கு வருகிறது கதை. விருத்தாசலத்தில் இதை விளக்குவது இன்னும் சுலபம். செராமிக் பட்டறையில் ஒரே அச்சில் களிமண் குழம்பை ஊற்றி ஊற்றி எத்தனை பொம்மை எடுக்கிறார்கள்! அச்சு ஒன்று, பொம்மை பல.

ஆனால் அந்த பொம்மைகள் சேர்ந்து ஒன்றும் செய்யாது. குருவிகள் செய்கின்றன. தானியத்துக்கு ஆசைப்பட்டு வலையில் மாட்டியதும், புத்திசாலி குருவி ஒன்று சொல்ல, எல்லாம் ஒரே நேரத்தில் சிறகடித்து வலையோடு பறக்கின்றன. வேடன் வாய் பிளந்து நிற்கிறான்!

அதோடு முடியவில்லை என்பதுதான் முக்கியம். எவ்வளவு உயரம் பறந்தாலும் வலை காலிலேயே கிடக்கும். அதை அறுக்க எலி நண்பர்கள் வர வேண்டியிருக்கிறது. பழைய கதையில் இன்னொரு விஷயமும் உண்டு. புறா தலைவன் சித்திரகிரீவன், தன் கட்டை கடைசியில் அறுத்தால் போதும், முதலில் மற்றவர்களை விடுவி என்று எலியிடம் சொல்வான். படத்தில் இது இல்லை. பெற்றோர்தான் சொல்லித்தர வேண்டும்.

இயக்கியவர் விஜயா முலே (2019-ல் மறைந்தார்). அனிமேஷன் பீம்சேன். விநாடிக்கு 24 பிரேம் கணக்கில் பார்த்தால் சுமார் 10 ஆயிரம் பிரேம். கம்ப்யூட்டர் இல்லாத காலம், எல்லாம் கைவேலை!

பாட்டில் கேட்கும் சிறுமி குரல் யாருடையது தெரியுமா? சாதனா சர்கம். நம்ம கடலூர் மாவட்டத்துக்காரர் தங்கர் பச்சான் இயக்கிய 'அழகி' படத்தில், இளையராஜா இசையில் பாடி தேசிய விருது வாங்கினாரே, அவரேதான்.

கடைசியில் மாமரத்தடியில் ஒரு காட்சி வருகிறது. எட்டாத பழத்தை பிள்ளைகள் எப்படி பறிக்கிறார்கள் என்பதை மட்டும் முன்கூட்டியே சொல்லிடாதீங்க.