கையில் இருபது, இன்னும் உருட்டலாமா?

ஒரு பகடை, எழுதுவதற்கு ஒரு தாள், எதிரே ஓர் ஆள். ஆட்டத்துக்கு இவ்வளவு போதும். உங்கள் முறை வந்ததும் பகடையை உருட்டுகிறீர்கள். 2 முதல் 6 வரை எது விழுந்தாலும் அது உங்கள் கையில் சேரும். மறுபடி உருட்டலாம், மறுபடி சேரும். எத்தனை தடவை என்று வரம்பே கிடையாது. ஆனால் 1 விழுந்துவிட்டால் அந்த முறையில் கையில் சேர்ந்தது முழுக்கப் போய்விடும், பகடை எதிராளிக்குப் போகும். அதற்கு முன்பே "போதும்" என்று நீங்களாக நிறுத்தினால் கையில் இருப்பது கணக்கில் ஏறும். கணக்கில் ஏறியதை அதன் பிறகு எந்த ஒன்றும் தொட முடியாது. முதலில் 100 தொடுகிறவருக்கு வெற்றி.

அமெரிக்காவில் இந்த ஆட்டத்துக்கு 'பிக்' என்று பெயர். எங்கள் பிள்ளைகள் 'பன்னி ஆட்டம்' என்கிறார்கள். ஜான் ஸ்கார்ன் என்பவர் பகடை ஆட்டங்களைப் பற்றி 1945-ல் எழுதிய புத்தகத்தில் இதன் விதிகள் வருகின்றன. சீட்டு வித்தைக்காரரான அவர், இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்கப் படைவீரர்களுக்குச் சூதாட்டத்தில் நடக்கும் ஏமாற்று வேலைகளை விளக்கிச் சொன்னவர்.

நான் தென்காசிப் பக்கம் ஓர் அரசுப் பள்ளியில் கணக்கு டீச்சர். பத்தாம் வகுப்புக் கணக்குப் புத்தகத்தின் கடைசி அலகு 'புள்ளியியலும் நிகழ்தகவும்'. அதற்கு வரும்போது பிள்ளைகள் களைத்திருப்பார்கள். பகடை உருட்டுவது பற்றி அதில் எத்தனையோ கணக்குகள் உண்டு, ஆனால் யாரும் பகடையைக் கையில் எடுப்பதில்லை. எனக்கு அது பொறுக்காது. பேன்சி கடையில் பகடைகளை வாங்கி, பெஞ்சுக்கு ஒன்றாகக் கொடுத்து, நோட்டு அட்டையின் மேல் உருட்டச் சொல்லிவிடுவேன். வெறும் மரப்பெஞ்சில் உருட்டினால் சத்தம் பக்கத்து வகுப்பு வரை போகும்.

தாயம் ஆடி வளர்ந்த பிள்ளைகள் இவர்கள். தாயத்தில் ஒன்று விழுந்தால்தான் காய் இறங்கும். அந்த ஒன்றுக்காகத் திண்ணையே கத்தும். இங்கே அதே ஒன்றைக் கண்டுதான் பதற வேண்டும் என்பது பழகவே கொஞ்ச நேரம் பிடிக்கிறது. இன்னொரு வித்தியாசம் இதைவிட முக்கியமானது. தாயத்தில் விழுந்ததை வைத்து எந்தக் காயை நகர்த்துவது, யாரை வெட்டுவது என்பதில்தான் யோசனை. உருட்டுவதா, நிறுத்துவதா என்று அங்கே யாரும் உங்களைக் கேட்பதில்லை. இந்த ஆட்டத்தில் நீங்கள் எடுக்க வேண்டிய முடிவு அது ஒன்றுதான்.

ஆட ஆரம்பித்த கொஞ்ச நேரத்தில் வகுப்பில் இரண்டு குரல்கள் கேட்கும். ஒன்று, "இன்னைக்கு என் கை ராசியா இருக்கு டீச்சர், நான் நிறுத்த மாட்டேன்." இன்னொன்று, "ஏழு தடவையா ஒன்னு விழல, அடுத்தது கண்டிப்பா ஒன்னுதான், நிறுத்திருடி." இரண்டும் ஒரே நம்பிக்கையிலிருந்து வருகின்றன: முன்னால் என்ன விழுந்தது என்று பகடைக்குத் தெரியும் என்ற நம்பிக்கை. பகடைக்கு ஒன்றும் தெரியாது. முதல் உருட்டலிலும் 1 விழ ஆறில் ஒரு வாய்ப்பு, எட்டாவது உருட்டலிலும் அதே ஆறில் ஒன்று. நிகழ்தகவு என்ற பாடத்தில் ஒரு பிள்ளை இதை மட்டும் உறுதியாகப் பிடித்துக்கொண்டு போனாலும் எனக்குப் போதும்.

அப்படியானால் எதற்காக நிறுத்த வேண்டும்? ஆபத்தின் வாய்ப்பு கூடுவதில்லை. கையில் இருப்பது கூடுகிறது. ஒன்று விழுந்தால் போகப்போவது பெரிதாகிக்கொண்டே வருகிறது.

இதைக் கரும்பலகையில் ஒரே வரியில் போட்டுவிடலாம். அடுத்த உருட்டலில் ஆறு விதமாக நடக்கலாம். அதில் ஐந்து விதம் நமக்கு லாபம்: 2, 3, 4, 5, 6. கூட்டினால் 20. மிச்சம் உள்ள ஒரு விதத்தில், கையில் இருப்பது அத்தனையும் நஷ்டம். ஒரு பக்கம் 20, மறுபக்கம் கையில் இருப்பது. கையில் 20-க்குக் குறைவாக இருந்தால் உருட்டுவது லாபம். 20-ஐத் தாண்டியிருந்தால் நிறுத்துவது லாபம். சரியாக 20 என்றால் இரண்டும் சமம். முக்கால் மணி நேரம் கத்திக்கொண்டிருந்த வகுப்பு இந்த வரியைப் பார்த்ததும் அடங்கிவிடும். இதற்காகத்தான் நான் வருஷா வருஷம் பகடை வாங்குகிறேன்.

அடுத்தது பிள்ளைகளுக்குப் பிடிக்காத கணக்கு. இருபது வரும் வரை உருட்டுவது என்று முடிவெடுத்தால், 100 முறைக்கு ஏறக்குறைய 62 முறை ஒன்று விழுந்து கை காலியாகும். 38 முறைதான் கணக்கில் ஏறும். "அப்போ பாதிக்கு மேல தோக்குறதுக்கா இந்த வழி?" என்று கேட்பார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் ஏறும்போது 20 முதல் 25 வரை ஏறுகிறது. வெறுங்கையாகப் போன முறைகளையும் சேர்த்துச் சராசரி பார்த்தால் ஒரு முறைக்கு 8.14. பத்திலேயே நிறுத்திக்கொள்கிறவருக்கு 100-க்கு 59 முறை கணக்கில் ஏறும், மனசுக்கும் நிம்மதி. ஆனால் அவருடைய சராசரி 6.87. நூறு வரை போகிற ஆட்டத்தில் இந்த இடைவெளி பெரியது.

கூட்டிக்கொண்டே இருக்கச் சிரமப்படும் சின்னப் பிள்ளைகளுக்கு இன்னொரு வழி இருக்கிறது. உருட்டல்களை மட்டும் எண்ணி, ஐந்தாவதிலோ ஆறாவதிலோ நிறுத்தச் சொல்லலாம். ஐந்தில் நிறுத்தினாலும் ஆறில் நிறுத்தினாலும் சராசரி ஒன்றேதான், 8.04. ஆறாவது உருட்டலில் கூடுதலாகக் கிடைப்பதையும் கூடுதல் ஆபத்தையும் தட்டில் வைத்தால் முள் நடுவில் நிற்கிறது.

இந்த இடத்தில் ஒரு மாணவியைப் பற்றிச் சொல்ல வேண்டும். எப்போதும் எட்டு, ஒன்பதில் நிறுத்திவிடுவாள். காரணம் கேட்டேன். "கையில வந்தத விடக் கூடாது டீச்சர். எங்கம்மா நாள் பூரா பீடி சுத்திக் கொண்டுவர்ற காச, இன்னும் கொஞ்சம் கிடைக்கும்னு யார்கிட்டயாவது குடுப்பாங்களா?" என்றாள். அவள் சொன்னது சரி. வகுப்பு முழுவதும் கேட்கும்படி அது சரி என்று சொன்னேன். சராசரி லாபம் என்பது நிறையத் தடவை தோற்றாலும் தாங்கக்கூடியவருக்கான கணக்கு. ஆட்டத்தில் தோற்றால் போவது வெறும் புள்ளி. அடுத்த முறை சுழியத்திலிருந்து உருட்டலாம், யாருக்கும் ஒரு வேளைச் சோறு குறையாது. வீட்டுச் செலவுக்கு வைத்த பணத்துக்கு அந்த வசதி கிடையாது. இந்த ஆட்டத்தைக் காசு வைத்து ஆடக் கூடாது என்று நான் கண்டிப்பாகச் சொல்வது இதனால்தான். துணிச்சலைப் பழகிப் பார்க்க, இழந்தால் வலிக்காத ஓர் இடம் பிள்ளைகளுக்கு வேண்டும். புள்ளிகள் அந்த இடம்.

சரி, இருபது என்று மனப்பாடம் செய்துகொண்டால் ஜெயித்துவிடலாமா? பெரும்பாலும் நன்றாக ஆடலாம். ஆனால் அந்தக் கணக்கு ஒரு விஷயத்தைப் பார்க்கவே இல்லை. அது எதிரே உட்கார்ந்திருக்கும் ஆள்.

உங்கள் கணக்கில் 60. எதிராளி 95. உங்கள் கையில் இப்போது 22. இருபதைத் தாண்டியாயிற்று, விதிப்படி நிறுத்த வேண்டும். நிறுத்தினால் 82. பகடை அவரிடம் போகிறது. அவருக்குத் தேவை வெறும் ஐந்து. ஒரே முறையில் அவர் அதை எடுத்துவிட நான்கில் மூன்று பங்கு வாய்ப்பு. அதில் அவர் தவறினால்தான் உங்களுக்கு மறுபடி பகடை கிடைக்கும், அப்போதும் உங்களுக்கு இன்னும் 18 வேண்டும். எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்தால், நிறுத்துகிற ஆள் ஜெயிக்க வாய்ப்பு 100-க்கு 12 போலத்தான். நிறுத்தாமல் அந்த 18-ஐ இப்போதே எடுக்கப் பார்த்தால்? 100-க்கு 41. புள்ளிக் கணக்கில் தவறாகத் தெரியும் உருட்டல், வெற்றிக் கணக்கில் மூன்று மடங்கு நல்லது. நிறையப் புள்ளி சேர்ப்பது ஒரு வேலை, எதிராளிக்கு முன் 100-ஐத் தொடுவது வேறு வேலை. ஆட்டத்தின் ஆரம்பத்தில் இரண்டும் ஒன்றுபோலத் தெரியும். முடிவு நெருங்க நெருங்கப் பிரிந்துவிடும்.

இதை முழுசாகக் கணக்குப் போட்டுப் பார்த்தவர்கள் அமெரிக்காவின் கெட்டிஸ்பர்க் கல்லூரியைச் சேர்ந்த டாட் நெல்லரும் கிளிஃப்டன் பிரெஸ்ஸரும். 2004-ல் அவர்களுடைய கட்டுரை வெளிவந்தது. என் புள்ளி, உன் புள்ளி, கையில் உள்ளது என்று மூன்றையும் வைத்துப் பார்த்தால் இந்தச் சின்ன ஆட்டத்தில் 5,05,000 நிலைகள். ஒவ்வொன்றிலும் உருட்டுவதா, நிறுத்துவதா என்று சொல்ல வேண்டும். சிக்கல் என்னவென்றால், இந்த நிலையில் நான் ஜெயிக்கும் வாய்ப்பு அடுத்து நீ இருக்கப்போகும் நிலையைப் பொறுத்தது. உன் வாய்ப்பு மறுபடி என் நிலையைப் பொறுத்தது. இரண்டு பேரும் ஒன்று விழுந்து வெறுங்கையாகத் திரும்பினால் ஆட்டம் அதே இடத்துக்கே வந்துவிடுகிறது. அதனால் நேர்க்கோடாகக் கணக்குப் போட வழியில்லை. முதலில் ஏதோ ஒரு மதிப்பை வைத்துக்கொண்டு, விடை அசையாமல் நிற்கும் வரை கணினியைத் திரும்பத் திரும்பத் திருத்தவைத்தார்கள். கிடைத்த விடையோடு ஆடுகிறவர், இருபதில் நிறுத்துகிறவருக்கு எதிராக 100-க்கு 53 ஆட்டம் போல ஜெயிக்கிறார். எனக்கு இதில் இரண்டு சந்தோஷம். கரும்பலகையில் ஒரு வரியில் கண்டுபிடித்த இருபது, கணினியின் மிகச் சிறந்த ஆட்டத்துக்கு எதிரிலும் இவ்வளவு தாக்குப்பிடிக்கிறது. அப்படியும் அதை மிஞ்ச இடம் இருக்கிறது.

அத்தனை லட்சம் நிலைகளை யாராலும் மனதில் வைத்துக்கொள்ள முடியாது. அதற்கும் அவர்களே ஒரு சுருக்கவழி சொல்லியிருக்கிறார்கள். வகுப்பில் நான் கடைசியாகக் கொடுப்பது இதைத்தான். இருவரில் யாராவது ஒருவர் 71-ஐத் தொட்டுவிட்டால் நிறுத்தாதீர்கள், 100 வரை உருட்டுங்கள். அதற்கு முன்னால் என்றால், எதிராளியின் புள்ளியிலிருந்து உங்கள் புள்ளியைக் கழித்து எட்டால் வகுத்து, வருவதை 21-உடன் கூட்டுங்கள். அந்த எண்ணில் நிறுத்துங்கள்.

நீங்கள் 32, எதிராளி 56 என்று வைத்துக்கொள்வோம். வித்தியாசம் 24, எட்டால் வகுத்தால் 3. நீங்கள் 24 வரை போக வேண்டும். இடம் மாறி நீங்கள் 56-லும் அவர் 32-லும் இருந்தால் மூன்றைக் கழித்து 18-லேயே நிறுத்திக்கொள்ளலாம். பின்தங்கியவர் கொஞ்சம் துணிய வேண்டும், முன்னால் இருப்பவர் கொஞ்சம் அடக்கிக்கொள்ள வேண்டும். இது எல்லாருக்கும் தெரிந்ததுதான். ஆனால் 'கொஞ்சம்' எவ்வளவு என்று யாரும் சொல்வதில்லை. எட்டுப் புள்ளிக்கு ஒரு புள்ளி. பிள்ளைகள் நினைப்பதைவிட மிகக் குறைவு. நாற்பது புள்ளி பின்னால் இருப்பவன் பயத்தில் ஐம்பது வரை உருட்டப் பார்ப்பான். அவனுக்குத் தேவை 26.

71 ஏன் என்று ஒருத்தி கேட்டாள். நூறுக்கு இன்னும் 29. ஒரே முறையில் 29 எடுக்க வாய்ப்பு ஏறக்குறைய நாலில் ஒன்று என்று போட்டுக் காட்டினேன். நாலில் ஒரு வாய்ப்போடு ஒருவர் எதிரே உட்கார்ந்திருக்கும்போது நாம் சேர்த்துவைத்த புள்ளிக்குப் பாதுகாப்பு குறைகிறது, அவருக்குப் பகடையைக் கொடுப்பதே செலவாகிறது. அவள் அதோடு விடவில்லை. 70-க்கும் 72-க்கும் போட்டுப் பார்த்து, பெரிய வித்தியாசம் இல்லையே என்றாள். அந்த வருஷம் நான் கேட்ட கேள்விகளிலேயே எனக்கு மிகவும் பிடித்தது அதுதான். எல்லைக்கோட்டுக்குப் பக்கத்தில் தப்பாக முடிவெடுத்தாலும் நஷ்டம் சிறிது. அங்கே தைரியமாகப் பிழை செய்யலாம் என்பது அவளுக்குத் தானாகவே புரிந்தது.

இதே குணமுள்ள ஆட்டங்கள் வேறும் இருக்கின்றன. 1977-ல் வந்த 'பாஸ் தி பிக்ஸ்' ஆட்டத்தில் பகடைக்குப் பதில் குட்டிப் பன்றிப் பொம்மைகளை உருட்டுவார்கள், அவை எப்படிக் கிடக்கின்றன என்பதைப் பார்த்துப் புள்ளி. சிட் சாக்சன் 1980-ல் கொண்டுவந்த 'கான்ட் ஸ்டாப்' நான்கு பகடைகளோடு இன்னும் சிக்கலானது. கலிஃபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் கணினி படிக்க வரும் முதலாண்டு மாணவர்களுக்கு, இந்தப் பன்றி ஆட்டத்தின் ஒரு வடிவத்தை நிரலாக எழுதி அதற்கு நல்ல உத்தி கண்டுபிடிப்பதும் ஒரு பயிற்சி. எங்கள் பெஞ்சில் நடப்பதும் அதே வேலைதான் என்று பிள்ளைகளிடம் சொன்னால் நிமிர்ந்து உட்காருவார்கள்.

வீட்டில் ஆடும்போது இரண்டு விஷயங்களைக் கவனியுங்கள். தாளில் 'கையில்', 'கணக்கில்' என்று இரண்டு கட்டம் போட்டு, கையில் உள்ளதை ஒவ்வொரு உருட்டலுக்கும் எழுதுங்கள். மனக்கணக்காக வைத்தால் பதினெட்டா இருபத்திரண்டா என்று சண்டை வரும். இன்னொன்று, முதலில் உருட்டுகிறவருக்குச் சின்ன சாதகம் உண்டு. இருவரும் மிகச் சரியாக ஆடினாலும் 100-க்கு 53 ஆட்டம் அவர் பக்கம். அதனால் ஒரே ஆட்டத்தோடு எழுந்துவிடாமல், தோற்றவரை முதலில் உருட்டவைத்து இன்னொன்று ஆடுங்கள்.