மரபணு அறிக்கையில் ‘பொருள் உறுதிப்படாத மாற்றம்’ என்றால் என்ன?

உங்கள் மரபணுப் பரிசோதனை அறிக்கையில் இவ்வாறு குறிப்பிடப்பட்டிருந்தால், நோய் உறுதியாகிவிட்டது என்றோ நோய் இல்லை என்றோ கருத வேண்டாம். அம்மாற்றம் தீங்கானதா என்று முடிவு செய்யப் போதிய சான்று இன்னும் இல்லை என்பதே அதன் பொருள்.

சான்று ஏன் போதவில்லை?

நோய்க்கும் மரபணுவுக்கும் உள்ள தொடர்பைத் தேடும் உலகளாவிய ஆய்வுகளில் 2018 வரை பங்கேற்றோரில் சுமார் 78 விழுக்காட்டினர் ஐரோப்பிய வம்சாவளியினர். ஆசியர் சுமார் 10 விழுக்காட்டினரே.

இதனால் நமக்கு என்ன இழப்பு?

இதயத் தசை நோயுடன் தொடர்புடைய ஒரு மரபணு மாற்றம் தெற்காசியரில் நூற்றுக்குச் சுமார் நால்வரிடம் உள்ளது. ஐரோப்பியரிடம் ஏறத்தாழ இல்லை. மதுரை காமராசர் பல்கலைக்கழகம், ஐதராபாத் உயிரணு மற்றும் மூலக்கூறு உயிரியல் மையம் உள்ளிட்ட நிறுவனங்களின் ஆய்வாளர்கள் நம் மக்களிடமே தேடியதால்தான் இப்பரவல் 2009-இல் தெரியவந்தது. இம்மாற்றம் உள்ள அனைவருக்கும் நோய் வருவதில்லை.

நிலைமை மாறுகிறதா?

ஆம். 2020-இல் தொடங்கிய ‘ஜீனோம் இந்தியா’ திட்டம் சுமார் 10,000 இந்தியரின் மரபணுத் தொகுதியைப் பதிவு செய்துள்ளது. 2025 ஜனவரி முதல் அத்தரவு ஆய்வாளர்களுக்குக் கிடைக்கிறது.

நீங்கள் செய்ய வேண்டியவை

• அறிக்கையைப் பத்திரப்படுத்துங்கள். அதன் பொருள் பின்னர் மாறக்கூடும். ஓரிரு ஆண்டுகளுக்கு ஒருமுறை மருத்துவரிடம் மீண்டும் கேளுங்கள்.
• குடும்பத்தில் எவரேனும் இளவயதில் திடீரென இறந்திருந்தால் தவறாமல் தெரிவியுங்கள். இ.சி.ஜி., எக்கோ பரிசோதனைகளுக்கு மரபணு அறிக்கை தேவையில்லை.
• கிரிவலம் செல்லும்போதோ படியேறும்போதோ நெஞ்சுவலி, மயக்கம், கடும் மூச்சுத்திணறல் ஏற்பட்டால், நடப்பதை நிறுத்தி உடனே 108-ஐ அழையுங்கள்.
• மருத்துவரைக் கேட்காமல் எந்த மருந்தையும் நிறுத்த வேண்டாம்.