ஸ்கொற் மொன்கிறீவும் புரூஸ்ற் நாவலும்

வழிநூல் வகைகளுள் மொழிபெயர்ப்பையும் ஒன்றாகத் தொல்காப்பியர் எண்ணினார். ஆதலின், மொழிபெயர்த்தோனை நூல் செய்தோர் வரிசையில் வைத்தல் நம் மரபுக்குப் புதிதன்று. ஆயினும், அயல்நாட்டு நாவலொன்றைக் கையில் எடுக்கும்போது ஆசிரியர் பெயரை வாசிக்கின்றோமேயன்றி, அதன் கீழே சிற்றெழுத்தில் அச்சிடப்பெற்ற மற்றப் பெயரைப் பெரும்பாலும் நோக்குவதில்லை. பிரெஞ்சு நாவலாசிரியர் மார்செல் புரூஸ்ற் (1871–1922) இயற்றிய பெருநாவலை ஆங்கில வாயிலாகக் கற்றோர் அரை நூற்றாண்டுக்கு மேலாக வாசித்தவை, உண்மையில், சாள்ஸ் கென்னத் ஸ்கொற் மொன்கிறீவ் என்னும் ஸ்கொத்லாந்து நாட்டவரின் சொற்களேயாம். அவர் செய்த பணி எத்தகையது, அதில் அவர் வென்ற இடம் எது, வழுவிய இடம் எது என்பவற்றை நோக்குவது இக்கட்டுரையின் கருத்து.

ஸ்கொற் மொன்கிறீவ் 1889ஆம் ஆண்டிற் பிறந்தவர். முதலாம் உலகப் போரில் படைத்தலைவராகப் பணியாற்றி, 1917ஆம் ஆண்டு பிரான்சிய மண்ணிலே காலிற் கடுங்காயமுற்றார். 'ரோலன் பாட்டு' என்னும் பழம் பிரெஞ்சு வீரகாவியத்தை ஆங்கிலமாக்கி 1919இல் வெளியிட்டார். பின்னர் இலண்டன் 'ரைம்ஸ்' பத்திரிகை அலுவலை விடுத்து, புரூஸ்ற் நாவலைத் தம் வாழ்நாட் பணியாக மேற்கொண்டார். அதன் முதற் பகுதி ஆங்கிலத்தில் 1922இல் வெளிவந்தது. ஸ்ரெந்தால், பிரந்தெல்லோ ஆகியோரின் நூல்களையும் இடையிடையே மொழிபெயர்த்தார். இத்தாலி நாட்டில் வாழ்ந்து, 1930ஆம் ஆண்டு உரோமாபுரியில் நாற்பதாம் வயதிலே காலமானார். ஏழு பகுதிகளுள் ஆறே அப்போது முடிந்திருந்தன.

அந்நாவல் ஏறத்தாழ 12 இலட்சம் சொற்கள் கொண்டது. ஆயின், நீளத்தினும் பெரிய இடர் வாக்கிய அமைப்பிலேயே உள்ளது. நம் உரையாசிரியர்கள் எச்சங்களை அடுக்கிச் சென்று முற்றுவினையை இறுதியில் நிறுத்துவதுபோல, புரூஸ்ற் கிளைவாக்கியத்துள் கிளைவாக்கியத்தை வைத்து, ஒரே வாக்கியத்தைப் பக்கம் முழுவதும் ஓடவிடுவார். பிரெஞ்சு மொழியில் இது இயலுவதற்குத் தக்க இலக்கணக் காரணம் உண்டு. அம்மொழியிற் பெயர்கள் யாவும் ஆண்பாலாகவோ பெண்பாலாகவோ நிற்கும். மேசை பெண்பால், புத்தகம் ஆண்பால். பிரதிப்பெயரும் பெயரடையும் அப்பாலைப் பின்பற்றுவதால், பத்து வரிகளுக்கு அப்பால் வரும் ஒரு சுட்டு எப்பெயரைச் சுட்டுகின்றது என்பதை வாசகன் எளிதில் அறிவான். ஆங்கிலத்திலோ மேசைக்கும் புத்தகத்துக்கும் ஒரே பிரதிப்பெயர்தான். எனவே மொழிபெயர்ப்பாளர் பெயரைத் திரும்பக் கூறவேண்டும். அல்லது வாக்கியத்தை வெட்டவேண்டும். ஸ்கொற் மொன்கிறீவ் பெரும்பாலும் வெட்டவில்லை. மூலத்தின் நெடுமூச்சை ஆங்கிலத்திலும் காத்தார். அவருடைய முதற் பெருமை இதுவேயென்பது எம் துணிபு. ஆங்கில நாவலாசிரியரான யோசப் கொன்ராட் இம்மொழிபெயர்ப்பின் திறனை வியந்து பாராட்டியமையும் ஈண்டு நினைக்கத்தக்கது.

பிறிதோர் இடர், முன்னிலைச் சொற்கள் பற்றியது. ஒருவரை நெருக்கமாக அழைக்கும் சொல் வேறு, மரியாதையாக அழைக்கும் சொல் வேறு என்னும் வழக்குப் பிரெஞ்சில் உண்டு. சென்-லூ என்னும் பிரபு தன் நண்பனிடம், இனி நாம் நெருக்கமான சொல்லால் அழைத்துக்கொள்ளலாமா என்று கேட்குமிடம் நாவலில் வருகின்றது. நீ, நீர், நீங்கள் என மூன்று படி வைத்துப் பேசும் நமக்கு அவ்வேண்டுகோளின் சுவை விளக்காமலே விளங்கும். இக்கால ஆங்கிலமோ இரண்டையும் ஒரு சொல்லுள் அடக்கிவிட்டது. இத்தகைய இழப்பு மொழியின் குறையேயன்றி மொழிபெயர்ப்பாளரின் குற்றமன்று.

அவர்மீது சுமத்தக்க குற்றம் வேறிடத்தில் உள்ளது. அது நாவலின் பெயர். 'இழந்த காலத்தைத் தேடி' என்பது மூலத்தலைப்பின் பொருள். பிரெஞ்சில் 'தாம் பெர்டூ' என்னும் தொடர், இழந்த காலம் எனவும் வீணாக்கிய காலம் எனவும் இரட்டுற மொழியும். இறுதிப் பகுதியின் தலைப்போ 'மீண்டும் கண்டடைந்த காலம்' என்பது. முதலில் எழுந்த வினாவுக்கு ஆயிரக்கணக்கான பக்கங்களுக்கு அப்பால் விடை வருகின்றது. ஸ்கொற் மொன்கிறீவ் இவற்றையெல்லாம் விடுத்து, சேக்ஸ்பியரின் முப்பதாவது சொனற்றிலிருந்து ஒரு தொடரை எடுத்து, 'றிமெம்பிறன்ஸ் ஒவ் திங்ஸ் பாஸ்ற்' எனப் பெயரிட்டார். கழிந்தவற்றின் நினைவு என்பது அதன் பொருள்.

செவிக்கு இனிய பெயர்தான். ஆயினும் நூலின் கொள்கைக்கு மாறானது. சேக்ஸ்பியரின் செய்யுளில், வழக்குமன்றத்துக்குச் சாட்சியை அழைப்பதுபோல, நினைவை மனம் தானே விரும்பி அழைக்கின்றது. புரூஸ்ற் வற்புறுத்துவதோ இதற்கு எதிரான உண்மை. வலிந்து முயன்று நினைப்பதனால் இறந்தகாலம் மீளாது. எதிர்பாராத ஒரு சுவையோ மணமோ ஒலியோ அதனைத் தானாகக் கொணரும் என்பதே நாவலின் அடிப்படை. தேநீரில் தோய்த்த 'மட்லேன்' என்னும் சிறு கேக்குத் துண்டின் சுவையிலிருந்து ஓர் ஊர் முழுவதும் எழுந்துவரும் புகழ்பெற்ற பகுதி இதற்குச் சான்று. நூல் மறுப்பதை அதன் அட்டையே கூறுமாயின் அதனைச் சிறு பிழையென்று கொள்ளல் எங்ஙனம்?

1922ஆம் ஆண்டு, சிட்னி ஷிஃவ் என்னும் ஆங்கில நண்பர் இத்தலைப்பைப் பற்றிப் புரூஸ்ற்றுக்கு எழுதி எச்சரித்தார். அவ்வாண்டு ஒக்ரோபரில், நோயின் கடுமையிலும், புரூஸ்ற் மொழிபெயர்ப்பாளருக்குக் கடிதம் எழுதினார். அவரது உழைப்பைப் பாராட்டிய பின், இரட்டுற மொழிதல் அழிந்துவிட்டதெனக் குறைகூறினார். அடுத்த மாதம் 18ஆம் நாள் அவர் இறந்தார். அறியாதார் கூறிய குறையன்று இது. அவரே ஆங்கில அறிஞர் இரஸ்கினுடைய நூல்கள் இரண்டை 1904இலும் 1906இலும் பிரெஞ்சில் மொழிபெயர்த்தவர். எனினும் அவரது ஆங்கில அறிவு குறைவுடையது. அன்னையாரின் துணைகொண்டே அப்பணியைச் செய்தார்.

அக்குறைவு அதே கடிதத்தில் வெளிப்படுகின்றது. முதற் பகுதியின் பெயர் 'சுவானின் வீட்டுப் பக்கமாக' எனப் பொருள்படுவது. நாவலில் வரும் சிற்றூரிலிருந்து உலாவச் செல்வதற்கு இரு பாதைகள். ஒன்று சுவான் என்பவரின் வீட்டுப் பக்கமாகவும், மற்றது கெர்மான்ற் குடும்பத்தார் நிலத்துப் பக்கமாகவும் செல்வது. இதனை ஸ்கொற் மொன்கிறீவ் 'சுவான்ஸ் வே' எனப் பெயர்த்தார். அது 'சுவானின் பாங்கில்' என்றே பொருள் தருமெனக் கருதிய புரூஸ்ற், திசைகுறிக்கும் இடைச்சொல்லொன்றைச் சேர்த்தால் நலமென்றார். ஆங்கிலத்தில் 'வே' என்பது பாதையையும் பாங்கையும் ஒருங்கே உணர்த்தும். நம் மொழியில் 'வழி' என்னும் சொல்லும் அவ்வாறே. சுவானின் காதலும் பொறாமையும் கதைசொல்வோனின் வாழ்விலும் திரும்ப வருவதை நோக்கின், அவ்விரட்டைப் பொருள் நூலுக்குப் பொருந்துவதேயாகும். ஒரே கடிதத்தில் ஒரு தலைப்பைப் பற்றி ஆசிரியர் கூறியது சரி. மற்றதைப் பற்றி மொழிபெயர்ப்பாளர் செய்ததே சரி.

ஏனைய தலைப்புகளிலும் இவருடைய கைவண்ணம் உண்டு. 'சோதோமும் கொமோராவும்' என்ற வெளிப்படையான பெயர் 'சமவெளி நகரங்கள்' என நாணத்துடன் மூடப்பட்டது. அக்கால ஆங்கிலப் பதிப்பாளரின் அச்சம் இதற்குக் காரணமாகலாம். ஆறாம் பகுதிக்கு வால்ரர் டி லா மேயர் என்னும் கவிஞரின் தொடரொன்றைப் பெயராக இட்டமைக்கு அச்சமும் காரணமன்று; அழகின்மேற் கொண்ட ஆசையே காரணம். மூலம் எளிமையாக நிற்குமிடத்தில் இவர் சற்றே அணிசெய்துவிடுவார் என்பது பிற்கால ஆய்வாளர் கூறும் குறை. மறுபுறம், சிலவிடங்களிற் பிரெஞ்சு வாக்கியப் போக்கை மிகையாக ஒட்டிச் சென்றமையால் மூலத்திலில்லாத பாரம் ஆங்கிலத்தில் ஏறிற்று எனவும் கூறுவர். இரண்டும் உண்மையே.

இறுதிப் பகுதியை, ஸ்ரீவன் ஹட்சன் என்னும் புனைபெயரில், அன்று எச்சரித்த ஷிஃவ் என்பவரே மொழிபெயர்த்து 1931இல் இங்கிலாந்தில் வெளியிட்டார். ஸ்கொற் மொன்கிறீவ் பயன்படுத்திய பிரெஞ்சுப் பதிப்புப் பிழைகள் மலிந்தது. பிற்பகுதிகள் ஆசிரியர் இறந்த பின்னரே அச்சேறியவை. திருந்திய பிரெஞ்சுப் பதிப்பு 1954இல் வெளிவந்தது. அதனைத் தழுவி ரெறன்ஸ் கில்மாட்டின் இம்மொழிபெயர்ப்பைத் திருத்தி 1981இல் வெளியிட்டார். தலைப்பை மட்டும் அவர் தொடவில்லை. டி. ஜே. என்றைற் மேலும் திருத்திய 1992ஆம் ஆண்டுப் பதிப்பிலேதான் 'இழந்த காலத்தைத் தேடி' என்னும் பொருளுடைய பெயர் நூலுக்கு வந்தது. ஆசிரியர் கடிதம் எழுதி அப்போது எழுபது ஆண்டுகள் கழிந்துவிட்டன.

2002ஆம் ஆண்டு பெங்குவின் நிறுவனம் ஏழு பகுதிகளையும் ஏழு மொழிபெயர்ப்பாளரைக் கொண்டு புதிதாக வெளியிட்டது. முதற் பகுதியை லிடியா டேவிஸ் என்னும் அமெரிக்க எழுத்தாளர் அணிநீக்கி, மூலத்துக்கு அணுக்கமாக ஆக்கினார். பிரித்தானியப் பதிப்பில் அப்பகுதியின் பெயரும் மாறிற்று. அமெரிக்கப் பதிப்பிலோ ஸ்கொற் மொன்கிறீவ் இட்ட 'சுவான்ஸ் வே' என்னும் பெயரே நின்றது.